லூப்பில் போட்ட குடிநீர்க் குழாய் டிசைனை எபாநெட்டுக்கு மாற்றுவது எப்படி

தொண்ணூறுகளில் குடிநீர்த் திட்டங்களில் வேலை பார்த்தவர்களுக்கு லூப், பிராஞ்ச் இரண்டும் நன்றாகத் தெரியும். குழாய் வலையை டிசைன் செய்ய ஐ.நா. வளர்ச்சித் திட்டமும் உலக வங்கியும் சேர்ந்து வெளியிட்ட டாஸ் நிரல்கள் அவை. அதற்கு முன், ஹார்டி கிராஸ் 1936இல் சொன்ன முறைப்படி கால்குலேட்டரை வைத்துக்கொண்டு குழாய்களின் ஓட்டத்தை வளையம் வளையமாகத் திருத்திக்கொண்டிருப்போம். லூப் வந்ததும் அந்தப் பாடு போயிற்று. இன்றைய 64 பிட் விண்டோஸில் டாஸ் நிரல்கள் திறக்கவே திறக்காது. ஆனால் அன்று பதித்த குழாய்களில்தான் இன்றும் பல ஊர்களுக்குத் தண்ணீர் வருகிறது. புது நகர் ஒன்றைச் சேர்க்க வேண்டுமென்றால் பழைய டிசைன் கையில் இருந்தாக வேண்டும்.

ஃபைலும் நிரலும் இருந்தால் பழைய டாஸ் நிரல்களை இன்றைய கணினியில் ஓட்ட உதவும் டாஸ்பாக்ஸில் ஓட்டிப் பார்க்கலாம். பெரும்பாலும் அலுவலக அலமாரியில் அச்சுத்தாள்தான் மிஞ்சியிருக்கும், அதுவே போதும். குழாய் எண், எந்த நோடிலிருந்து (குழாய்கள் சேரும் புள்ளி) எந்த நோடுக்கு, நீளம், விட்டம், சி மதிப்பு (குழாயின் உட்புற வழவழப்பைக் காட்டும் எண்), நோடு லெவல், தேவை, பீக் ஃபேக்டர் (உச்ச நேரத் தேவை சராசரியைப் போல் எத்தனை மடங்கு) எல்லாவற்றையும் எக்செலில் ஏற்றுங்கள். முடிவுப் பக்கத்தைத் தனியாக எடுத்து வையுங்கள்.

அப்புறம் எபாநெட். அமெரிக்கச் சுற்றுச்சூழல் பாதுகாப்பு முகமை 1993 முதல் இலவசமாகத் தரும் நிரல். ஒரு குழாயைக்கூட வரையும் முன்பே ஃப்ளோ யூனிட்டை எல்பிஎஸ் (நொடிக்கு லிட்டர்) என்றும், ஹெட்லாஸ் (உராய்வால் குறையும் அழுத்தம்) சூத்திரத்தை ஹேசன்-வில்லியம்ஸ் என்றும் மாற்றிவிடுங்கள். ஜிபிஎம்மிலேயே (நிமிடத்துக்கு கேலன்) விட்டால் நீங்கள் கொடுக்கும் மீட்டரை அது அடியாக எடுத்துக்கொள்ளும். வரைபடத்திலிருந்து நீளத்தைத் தானே கணக்கிடும் ஆட்டோ லெங்த் அணைந்திருக்கட்டும். இல்லையென்றால் நோடை நகர்த்தும்போது நீளமும் மாறிவிடும். பழைய தாளில் தேவை மைனஸ் குறியோடு இருந்தால் இங்கே பிளஸ்ஸாகப் போட வேண்டும். பீக் ஃபேக்டரை டிமாண்ட் மல்டிபிளையரில் கொடுங்கள்.

இனி வருவதுதான் முக்கியம். பழைய டிசைனில் தவறு கண்ணில் பட்டாலும் உடனே கை வைக்காதீர்கள். உதாரணத்துக்கு, 110 மி.மீ. பிவிசி குழாயை 110 என்றே போட்டிருப்பார்கள். அது வெளிவிட்டம். இருக்கட்டும், முதலில் அதே 110ஐப் போட்டு ஓட்டுங்கள். ஒவ்வொரு நோடிலும் எச்ஜிஎல் (லெவலோடு அழுத்தத்தையும் கூட்டினால் வரும் மட்டம்) பழைய தாளோடு சில சென்டிமீட்டருக்குள் ஒத்துப்போக வேண்டும். ஒத்துவராவிட்டால் ஏற்றிய எண்ணில் பிழை, அதைத் தேடுங்கள்.

ஒத்துவந்த பிறகு விட்டத்தைத் திருத்துங்கள். உள்விட்டம் 102 என்று வைத்தால், அதே ஓட்டத்துக்கு ஹெட்லாஸ் 44 சதவீதம் கூடுகிறது! கடைக்கோடித் தெருவுக்குத் தண்ணீர் ஏன் ஏறவில்லை என்பதற்கு விடை பல நேரம் இந்த எட்டு மில்லிமீட்டரில் கிடக்கும். தரைத்தளத்துக்கு மேல் ஒரு மாடி உள்ள கட்டடத்துக்குக் குழாயில் 12 மீட்டர் அழுத்தம் மிஞ்ச வேண்டும் என்பது 1999இல் வந்த மத்திய அரசுக் கையேட்டின் கணக்கு. திருத்திய மாடலில் அது கிடைக்கிறதா என்று பார்த்துவிட்டுப் புது நகரைச் சேருங்கள்.

சேமிக்கும்போது எபாநெட்டின் சொந்த நெட் ஃபைலோடு நிறுத்தாமல் ஐஎன்பி ஆகவும் எக்ஸ்போர்ட் செய்யுங்கள். அது வெறும் எழுத்து ஃபைல். எபாநெட் இல்லாத கணினியிலும் நோட்பேடில் திறந்து படிக்கலாம்.