பை (pie) மாவை முன்கூட்டியே செய்து வைப்பது எப்படி?

பை என்பது மாவு ஓட்டுக்குள் பூரணம் வைத்து அவன் (oven) அடுப்பில் சுடும் பண்டம். அதைச் சுடும் நாளிலேயே மாவையும் பிசைய உட்கார்ந்தால் அவசரம்தான் மிஞ்சும். முந்தின நாளே செய்துவிடுங்கள். குளிரில் ஓய்வெடுத்த மாவு இழுத்துக்கொள்ளாமல் தேய்க்க வரும், சுடும்போதும் அவ்வளவாகச் சுருங்காது.

எடைக் கணக்கு சுலபம்: மைதா 3 பங்கு, வெண்ணெய் 2, தண்ணீர் 1. அடியும் மூடியுமாக 23 செ.மீ. தட்டு ஒன்றுக்கு 300 கிராம் மைதா, 200 கிராம் உப்பில்லாத வெண்ணெய், அரை டீஸ்பூன் உப்பு, 100 மில்லி ஐஸ் தண்ணீர் போதும்.

வெண்ணெயைச் சிறு துண்டுகளாக நறுக்கி, 15 நிமிடம் ஃப்ரீசரில் வையுங்கள். உப்பு கலந்த மைதாவில் போட்டு, விரல் நுனியால் நசுக்கிவிடுங்கள். உள்ளங்கை வேண்டாம், அதன் சூட்டில் வெண்ணெய் உருகிவிடும். பட்டாணி அளவுத் துண்டுகள் அங்கங்கே தெரியும்போதே நிறுத்துங்கள். அடுப்பில் அந்தத் துண்டுகள் உருக, அவற்றில் உள்ள நீர் ஆவியாகி மாவைத் தூக்கிவிடும். அடுக்கடுக்காகப் பிரிவது அதனால்தான். முழுக்கத் தேய்த்துக் கலந்துவிட்டால் பிஸ்கட் மாதிரி ஆகிவிடும். அதுவும் தின்னலாம், ஆனால் அடுக்கு வராது.

தண்ணீரை ஸ்பூன் ஸ்பூனாகத் தெளியுங்கள். ஒரு பிடி அழுத்தினால் உதிராமல் நிற்கிறதா? அத்துடன் போதும், மிச்சத் தண்ணீரைக் கொட்டிவிடுங்கள். அடித்துப் பிசையவே கூடாது. பிசையப் பிசைய குளூட்டன் (மைதாவில் இழுவை தரும் புரதம்) இறுகி, ஓடு ரப்பராகிவிடும். பார்க்க அலங்கோலமாக இருந்தால் சரியாகச் செய்திருக்கிறீர்கள் என்று அர்த்தம்.

இரண்டாகப் பிரித்து, உருண்டையாக வைக்காமல் 2 செ.மீ. கனத்தில் தட்டையாக்கி, காற்றுப் புகாமல் கிளிங் ஃபிலிமில் (ஒட்டிக்கொள்ளும் மெல்லிய பிளாஸ்டிக் தாள்) சுற்றுங்கள். தட்டையாக இருந்தால் சீக்கிரம் குளிரும், தேய்ப்பதும் எளிது.

ஃப்ரிட்ஜில் ஒரு மணி நேரமாவது இருக்கட்டும். மூன்று நாள் வரை தாங்கும். அதற்கு மேல் நிறம் சாம்பலாகத் தொடங்கும். நாள் கூடுமென்றால் அதன் மேல் ஒரு பிளாஸ்டிக் கவரிலும் போட்டு, தேதி எழுதி, ஃப்ரீசரில் வையுங்கள். மூன்று மாதம் வரை தரம் குறையாது. எடுக்கும்போது முதல் நாள் இரவே ஃப்ரிட்ஜுக்கு மாற்றுங்கள். வெளியே வைத்தால் ஓரம் குழைந்துவிடும், நடு கல்லாகவே இருக்கும்.

தேய்ப்பதற்குப் பத்து நிமிடம் முன்பு மாவை வெளியே எடுங்கள். ஓரம் வெடித்தால் இன்னும் கொஞ்சம் பொறுங்கள். கட்டையில் ஒட்டினால் திரும்ப ஃப்ரிட்ஜுக்கு.

தட்டில் பரப்பியே ஃப்ரீசரில் வைப்பதும் உண்டு. அதற்கு உலோகத் தட்டுதான் சரி. உறைந்த கண்ணாடித் தட்டைச் சூடான அவன் அடுப்பில் வைத்தால் விரிசல் விடக்கூடும்.