சிம்ஸ் 4-இல் குப்பை கூட்டிய கதை

சிம்ஸ் 4 என்ற கணினி விளையாட்டு திறப்பதற்குள் குளித்துவிட்டே வந்துவிடலாம் என்ற நிலை. திறந்தாலும், அதில் வாழும் 'சிம்' மனிதர்களில் யாரைச் சொடுக்கினாலும் மெனு வராது. தப்பு விளையாட்டின் மேல் இல்லை. முடி, சட்டை, சோபா என்று இணையத்தில் கண்ணில் பட்டதையெல்லாம் இறக்கிக் குவித்த என் மேல்தான்.

பதற்றத்தில் விளையாட்டையே நீக்கிவிட்டு மறுபடி நிறுவினேன். வீண் வேலை. சேமித்த ஆட்டங்களும் மாட்ஸும் (இப்படி வெளியிலிருந்து இறக்கிச் சேர்த்தவை) டாக்குமென்ட்ஸ் ஃபோல்டருக்குள் தனியாக இருக்கின்றன. அவை அப்படியே உட்கார்ந்திருந்தன.

அப்புறம்தான் புத்தி வந்து, அந்த ஃபோல்டர் முழுவதையும் பென்டிரைவில் நகலெடுத்தேன். இதைச் செய்யாமல் எதையும் அழிக்காதீர்கள். மாட்ஸ் ஃபோல்டரை டெஸ்க்டாப்புக்கு நகர்த்தி, பாதியைத் திருப்பி வைத்து, திறந்து பார்த்து, மீண்டும் அதில் பாதி... ஒரு மாலையே போனது. கடைசியில் சிக்கியது ஒரே ஒரு பழைய ஸ்கிரிப்ட் மாட், அதாவது விளையாட்டு நடக்கும் விதத்தையே மாற்றும் நிரல். ஒவ்வொரு முறையும் 'லோக்கல்தம்ப்கேஷ்' என்ற தற்காலிகக் கோப்பையும் அழித்தேன். விளையாட்டு அதைத் தானே மறுபடி உருவாக்கிக்கொள்ளும்.

பழைய ஆட்டங்களை மட்டும் விளையாட்டின் லோட் மெனுவிலிருந்தே நீக்கினேன். சேவ்ஸ் ஃபோல்டரில் 'ஸ்லாட்' என்று எண்ணோடு நிற்கும் கோப்புகளில் எது எந்தக் குடும்பம் என்று யாருக்குத் தெரியும்? கட்டிய வீடுகள் இருக்கும் ட்ரே ஃபோல்டரைத் தொடவே இல்லை.

சரி, வேண்டாத முடிகளையும் கழிப்போம் என்று கை வைத்ததில் என் பாட்டி சிம் மொட்டையாகிவிட்டார். கண்ணாடி முன் நிறுத்தி, விளையாட்டோடு வந்த கொண்டை ஒன்றைப் போட்டுவிட்டேன்.