கிளாசிக் டிடெக்டிவ்களை டீனேஜர்களா மாத்தி எழுதறவங்களுக்கு: ரெண்டாவது புக் எழுதறது எப்படி

ஷெர்லாக் ஹோம்ஸை பதினாறு வயசு பொண்ணா மாத்தி, வாட்சனை அவ கூட படிக்கற பையனா மாத்தி ஒரு புக் எழுதிட்டீங்க, படிச்சவங்களுக்கும் புடிச்சிடுச்சு, அடுத்தது எப்போனு கேக்க ஆரம்பிச்சிட்டாங்கனு வச்சுக்கோங்க. நிறைய பேர் சிக்கறது இங்கதான். ஏன்னா முதல் புக்ல பாதி சுவாரசியம் ஆளை அடையாளம் கண்டுபிடிக்கறதுலயே வந்துடும், ஓ இவ வயலின் வாசிக்கறா, ஷூவுல ஒட்டின மண்ணை பாத்தே ஊரை சொல்றா, அப்ப இவதான் ஹோம்ஸ்னு வாசகருக்கே ஒரு குஷி. ரெண்டாவது புக்ல அந்த குஷி கிடையாது, எல்லாம் தெரிஞ்சு போச்சு. இப்ப அந்த ரெண்டு பசங்க மேல வாசகருக்கு இருக்கற அக்கறை மட்டும்தான் உங்க கைல மிச்சம். அதனால ரெண்டாவது புக்குக்கு நீங்க தேட வேண்டியது இன்னும் பெரிய கொலை இல்ல, அந்த ரெண்டு பேரோட நட்பை அசைச்சு பாக்கற கேஸ்.

இதுக்கு நல்ல பாடம் ஹோம்ஸை உருவாக்கின ஆர்தர் கோனன் டாயில்கிட்டயே இருக்கு. முதல் ஹோம்ஸ் நாவல் 1887ல வந்துச்சு, ரெண்டாவதான 'தி சைன் ஆஃப் ஃபோர்' 1890ல. அதோட முதல் அத்தியாயத்தை மட்டும் எடுத்து மெதுவா படிங்க. ஹோம்ஸ் ஊசியில கொக்கெயின் ஏத்திக்கறார், வாட்சனுக்கு அது புடிக்கல. அப்புறம் வாட்சன் ஒரு பழைய வாட்ச்சை குடுத்து இதை வச்சிருந்தவரை பத்தி சொல்லுங்கனு டெஸ்ட் வைக்கறார், ஹோம்ஸ் அதுல இருக்கற கீறல், அடகு நம்பர் எல்லாம் பாத்துட்டு இது உங்க அண்ணனோடது, அவர் குடிச்சே செத்துப்போனார்னு சொல்லிடறார். வாட்சன் துடிச்சு போறார். ஹோம்ஸ் மன்னிப்பு கேக்கறார். பாருங்க, முன்கதை சுருக்கம்னு ஒரு பத்தி கூட தனியா இல்லாம, ஹோம்ஸோட திறமை என்ன, அந்த திறமையால கூட இருக்கறவங்களுக்கு எவ்ளோ வலிக்கும், அப்படியும் வாட்சன் ஏன் கூடவே இருக்கார்னு எல்லாமே அந்த ஒரே சீன்ல வந்துடுது. உங்க ரெண்டாவது புக்கோட முதல் சீனும் அப்படித்தான் இருக்கணும். ஹோம்ஸ் பொண்ணு தன்னோட மூளையை காட்டணும், அதே நேரத்துல அது வாட்சன் பையனை எங்கயாவது குத்தணும்.

சரி, கேஸை எங்க இருந்து எடுக்கறது? முதல் புக்ல இருந்துதான் எடுக்கணும்னு நான் உறுதியா சொல்வேன். முதல் கேஸ்ல இவங்க கண்டுபிடிச்ச உண்மையால யார் வாழ்க்கை உடைஞ்சுதுனு கேளுங்க. உதாரணத்துக்கு, முதல் புக்ல ஒரு டீச்சரோட மரணத்துக்கு காரணம்னு ஒரு இளைஞனை புடிச்சு குடுத்தாங்கனு வைங்க. அவனோட தங்கச்சி இவங்க கிளாஸ்லதான் படிக்கறா. ஆறு மாசம் கழிச்சு அவ வந்து, எங்க அண்ணன் சொன்னதுல ஒண்ணு மட்டும் உண்மை, அதை நீங்க கேக்கவே இல்லனு ஒரு ஸ்கிரீன்ஷாட்டை நீட்டறா. இப்ப பாருங்க, இவ கிளையண்ட்தான், ஆனா இவங்களை வெறுக்கற கிளையண்ட். ஹோம்ஸ் பொண்ணுக்கு தன்னோட கணக்கு தப்பா இருக்கலாம்ங்கற பயம், வாட்சன் பையனுக்கு அந்த தங்கச்சி மேல இரக்கம், ரெண்டும் எதிரெதிரா இழுக்கும். புதுசா ஒரு ஊர், புதுசா ஒரு பணக்கார குடும்பம், புதுசா ஒரு பொணம்னு போனா இந்த இழுவை கிடைக்காது. டாயிலும் 'தி சைன் ஆஃப் ஃபோர்'ல கிளையண்டா வந்த மேரி மார்ஸ்டனையே வாட்சன் கல்யாணம் பண்ணிக்கப்போற மாதிரி முடிச்சு, புதையல் கேஸ் வழியா அந்த ரெண்டு பேரோட வாழ்க்கையையே மாத்திட்டார்.

எழுத உக்காரறதுக்கு முன்னாடி விடையை முழுசா எழுதி வச்சுக்கோங்க. நிஜமா என்ன நடந்துச்சு, குற்றவாளி அதை எப்படி வேற மாதிரி காட்டினான், நம்ம பசங்களுக்கு எந்த நாள்ல எது தெரியும், இந்த மூணையும் தேதி வாரியா பக்கத்து பக்கத்துல எழுதுங்க. இதை செய்யாம எழுதற மிஸ்டரி பெரும்பாலும் நடுவுல தொங்கிடும். ரொனால்ட் நாக்ஸ்னு ஒரு ஆங்கில டிடெக்டிவ் எழுத்தாளர் 1929ல டிடெக்டிவ் கதைக்கு பத்து விதி போட்டார், அதுல பல விதிகள் இப்ப தேவைப்படாது, ஆனா ரெண்டு இன்னும் அப்படியே நிக்குது: குற்றவாளி கதையோட ஆரம்பத்துலயே வந்திருக்கணும், வாட்சன் மாதிரி டிடெக்டிவ் கூட இருக்கற ஆள் தன் மனசுல ஓடறதை வாசகர்கிட்ட மறைக்கக்கூடாது. ரெண்டாவது விதி உங்களுக்கு ரொம்ப முக்கியம், ஏன்னா கதையை சொல்றது அந்த பையன்தான். அவன் பாத்ததை எல்லாம் சொல்லணும், தப்பா புரிஞ்சுக்கலாம், ஆனா ஒளிக்கக்கூடாது. ஹோம்ஸ் பொண்ணு ஒளிக்கலாம். அவ ஏன் ஒளிச்சாங்கறதுதான் நட்புல விழற விரிசலா மாறணும்.

போன் விஷயத்துக்கு வருவோம், நிறைய பேர் பயப்படற இடம் இது. சார்ஜ் போச்சு, டவர் இல்லனு ஒவ்வொரு அத்தியாயத்துலயும் போனை சாகடிக்காதீங்க, வாசகர் கண்டுபிடிச்சிடுவார். போனையே தடயமா ஆக்குங்க. வாட்ஸ்அப்ல ஒரு போட்டோவை சாதாரணமா அனுப்பினா எங்க எப்ப எடுத்ததுங்கற உள்தகவல் போயிடும், அதையே டாக்குமெண்டா அனுப்பினா கூடவே வரும், இந்த ஒரு வித்தியாசத்தை வச்சே ஒரு பொய்யை உடைக்கலாம். ஸ்கிரீன்ஷாட்டோட மேல் ஓரத்துல நேரம், பேட்டரி அளவு, சார்ஜ் ஏறுதா இல்லையா எல்லாம் தெரியும், கரண்டே இல்லாத நேரத்துல எடுத்தேன்னு சொல்றவனோட போன் சார்ஜ் ஏறிட்டு இருந்தா? போனை ஆஃப் பண்ணி ஆன் பண்ணா முதல் தடவை கைரேகையோ முகமோ எடுக்காது, பின் நம்பர்தான் போடணும், அப்ப செத்தவரோட போனை ரீஸ்டார்ட்டுக்கு அப்புறம் திறந்தவன் யாரா இருந்தாலும் அந்த நம்பர் தெரிஞ்சவன். பழைய காலத்து சிகரெட் சாம்பலும் காலடி தடமும் செஞ்ச வேலையை இப்ப இதெல்லாம் செய்யும். ஒரே ஒரு நிபந்தனை, இந்த தகவலை விடை சொல்ற சீன்ல முதல் தடவையா சொல்லாதீங்க, நூறு பக்கம் முன்னாடியே வேற ஏதோ பேச்சுல சாதாரணமா வந்து போகட்டும்.

டீனேஜ்ங்கறது வெறும் வயசு நம்பரா இருந்துடக்கூடாது. ராத்திரி வெளிய போக அனுமதி வேணும், பரீட்சை இருக்கு, கைல காசு இல்ல, போலீஸ் இவங்க சொல்றதை காது குடுத்து கேக்காது, பெரியவங்களுக்கு தெரிஞ்சா போனை புடுங்கிடுவாங்க. இந்த தடைகள்தான் கதையை ஓட்டும், அதனால வசதியா அப்பா அம்மாவை வெளிநாட்டுக்கு அனுப்பிட்டு தப்பிக்காதீங்க. அன்பான, கவனமா இருக்கற ஒரு பெரியவரை நடுவுல வைங்க, அவர்கிட்ட பொய் சொல்றப்ப பசங்களுக்கு உறுத்தணும். இன்னொண்ணு, ஹோம்ஸோட கொக்கெயினை ஸ்டைலுக்காக டீனேஜர் கதைக்குள்ள கொண்டு வராதீங்க. அடிமைப்பழக்கத்தை எழுதறதா இருந்தா தூக்கம், படிப்பு, நம்பிக்கைனு அது பறிச்சுக்கறதை எல்லாம் முழுசா எழுதுங்க, படிக்கறதுல அதே பிரச்சனையோட ஒரு குழந்தை இருக்கலாம்.

மத்த டிடெக்டிவ்களை சேர்க்கறதா இருந்தா வெளி அடையாளத்தை விட்டுட்டு உள்ள இருக்கற காரணத்தை எடுங்க. அகதா கிறிஸ்டி எழுதின டிடெக்டிவ் பாய்ரோன்னா மீசை இல்ல, போருக்கு தப்பி பெல்ஜியத்துல இருந்து இங்கிலாந்து வந்த அகதி, உச்சரிப்பை வச்சு ஜனங்க அவரை குறைச்சு எடை போடறாங்க, அதையே அவர் ஆயுதமா வச்சுக்கறார். டீனேஜ் பாய்ரோ புது ஸ்கூல்ல பாதி வருஷத்துல வந்து சேர்ந்த, பேச்சை கேட்டு எல்லாரும் சிரிக்கற பையன். கிறிஸ்டியோட இன்னொரு டிடெக்டிவ் மிஸ் மார்ப்பிளோட பலம் வயசான பெண்ணை யாரும் கண்டுக்கறது இல்லங்கறதுதான், அப்ப அவ கடைசி பெஞ்ச்ல யார் பேரும் ஞாபகம் வச்சுக்காத அந்த அமைதியான பொண்ணு. ஹோம்ஸோட பெரிய எதிரி மொரியார்ட்டியை ரெண்டாவது புக்லயே முழுசா இறக்கணும்னு கை அரிக்கும், கொஞ்சம் பொறுங்க. 1893ல ஹோம்ஸை முடிச்சு வைக்கறதுக்காக டாயில் உருவாக்கின ஆள் அவர், அந்த கதையில வாட்சன் அவரை சரியா பாக்கறது கூட இல்ல. நிழல் மட்டும் விழட்டும்.

பதிப்புரிமை விஷயம் சுருக்கமா. டாயில் 1930ல இறந்தார், ஆசிரியர் இறந்து 60 வருஷம்ங்கற இந்திய கணக்குலயும் 70 வருஷம்ங்கற பிரிட்டன் கணக்குலயும் ஹோம்ஸ் எப்பவோ பொதுச்சொத்து, அமெரிக்காவுல கடைசி கதைகளும் 2023ல பதிப்புரிமையில இருந்து வெளிய வந்துடுச்சு. கிறிஸ்டி இறந்தது 1976ல, அதனால பாய்ரோவையும் மார்ப்பிளையும் அந்த பேரோட இந்தியாவுலயோ பிரிட்டன்லயோ அனுமதி இல்லாம வெளியிட முடியாது. அவங்களை நினைவுபடுத்தற, ஆனா சொந்தமா பேரும் கதையும் இருக்கற பாத்திரங்களை உருவாக்கறது பாதுகாப்பு, எழுத்துக்கும் அதுதான் நல்லது.

முதல் புக்கை மறுபடி படிச்சு ஒரு நோட்டு போடுங்க, யார் எந்த கைல எழுதுவாங்க, யாருக்கு எங்க தழும்பு, யார் யாரை எப்படி கூப்பிடுவாங்கனு. வாட்சனுக்கு குண்டு பட்டது முதல் நாவல்ல தோள்ல, ரெண்டாவதுல கால்ல, இத்தனை வருஷம் கழிச்சும் வாசகர்கள் அதை விடல.

எழுதி முடிச்சதும் ரெண்டு பேருக்கு குடுங்க, ஒருத்தர் முதல் புக் படிச்சவர், இன்னொருத்தர் படிக்காதவர், ரெண்டு பேரும் நம்ம கதை வயசுலயே இருந்தா ரொம்ப நல்லது. எந்த பக்கத்துல யார் மேல சந்தேகம் வந்துச்சுனு ஓரத்துல குறிக்க சொல்லுங்க. படிக்காதவர் முதல் முப்பது பக்கத்துல குழம்பினா அங்க ஒரு வரி சேருங்க, படிச்சவர் அதே இடத்துல போர் அடிக்குதுனு சொன்னா அந்த வரியை சண்டைக்குள்ளயோ பேச்சுக்குள்ளயோ நுழைச்சிடுங்க. ரெண்டு பேருமே பாதியிலயே குற்றவாளியை சரியா சொல்லிட்டாங்கன்னா ஆளை மாத்தாதீங்க, அவனை எந்த தடயம் காட்டிக்குடுத்துச்சுனு கேட்டு அந்த சீன்ல மட்டும் வாட்சனோட கண்ணை வேற பக்கம் திருப்புங்க.