ஜப்பானிய வீட்டுச் சமையல் வகுப்புக்குச் செல்வோர் தவிர்க்க வேண்டிய தவறுகள்

கியோட்டோவுக்கு வரும் தமிழ்ப் பயணிகளில் சிலர், கோயில்களையும் அராஷியாமாவின் மூங்கில் காட்டையும் பார்த்து முடித்த பின்னர், அரை நாளை ஜப்பானிய வீட்டுச் சமையல் கற்பதற்கென்று ஒதுக்குகிறார்கள். அத்தகைய வகுப்புகளில் மொழிபெயர்த்து உதவுவதற்காக நானும் அவ்வப்போது அடுக்களை ஓரத்தில் நிற்பதுண்டு. முன்பு நாங்கள் இடறிய அதே இடங்களில் புதியவர்களும் தவறாமல் இடறுவதைப் பார்த்துப் பார்த்து அலுத்த பிறகே இதை எழுதுகிறேன். வாசலில் காலணியைக் கழற்றுவது, கேட்காமல் படம் எடுக்காதிருப்பது போன்றவை எல்லோருக்கும் தெரிந்தவை ஆகையால் அவற்றை விட்டுவிடுகிறேன்.

சுஷி வகுப்பில் சேர்ந்துவிட்டு வீட்டுச் சமையலைத் தேடுவது

நிகிரி சுஷியும் ராமெனும் ஜப்பானியர்கள் பெரும்பாலும் அவற்றுக்கென்றே உள்ள கடைகளில் உண்பவை. வீட்டில் அன்றாடம் அமைவது சோறு, ஒரு சூப், ஊறுகாய், அவற்றோடு ஒரு முதன்மைப் பதார்த்தமும் இரண்டு சிறு பதார்த்தங்களும் என்ற ஒழுங்கு. இதை ‘இச்சிஜூ சான்சாய்’ என்பார்கள். 2013-ஆம் ஆண்டு யுனெஸ்கோ தன் பண்பாட்டு மரபுப் பட்டியலில் சேர்த்த ‘வாஷோகு’ என்னும் ஜப்பானிய உணவு மரபின் மையமும் இதுதான். ஆகவே பதிவு செய்வதற்கு முன் வகுப்பின் உணவுப் பட்டியலைப் படியுங்கள். மிசோ என்னும் புளித்த சோயா விழுதைக் கரைத்த சூப், காய்களைத் தாஷி என்னும் சாற்றில் மெதுவாக வேகவைக்கும் நிமோனோ, எள் சேர்த்துப் பிசறிய கீரை, சுருட்டிய முட்டை ஆகியவை அதில் இருந்தால் அது வீட்டுச் சமையல். சுஷி உருட்டக் கற்பதில் தவறொன்றும் இல்லை; அது வேறு வகுப்பு என்பதை அறிந்து சேர்ந்தால் போதும்.

தாஷியைப் பற்றி முன்கூட்டியே எழுதாமல் விடுவது

இந்த ஒரு தவற்றைப் பற்றிச் சற்று நீளமாகவே சொல்ல வேண்டியிருக்கிறது, ஏனெனில் பணத்தையும் ஒரு முழுப் பகலையும் ஒருசேர வீணாக்குவது இதுதான். இன்றைக்கு நினைத்தாலும் எனக்கு எரிச்சல் வருவதும் இதனால்தான்.

ஜப்பானிய வீட்டுச் சமையலின் அடித்தளம் தாஷி என்னும் சாறு. கொம்புக் கடற்பாசியைத் தண்ணீரில் ஊறவைத்து, மெல்லச் சூடாக்கி, கொதி வருவதற்கு முன் அதை எடுத்துவிட்டு, கட்சுவோபுஷிச் சீவலைப் போட்டு, ஓரிரு நிமிடங்களில் பிழியாமல் வடிகட்டுவார்கள். கட்சுவோபுஷி என்பது சூரை மீனை வேகவைத்து, புகையூட்டி, கல்போல் ஆகும்வரை உலர்த்தியது. இலங்கைத் தமிழர் சம்பலில் இடித்துச் சேர்க்கும் மாசியும் பெரும்பாலும் அதே மீனில் செய்வதுதான். இந்தச் சாறு மிசோ சூப்பில் மட்டும் இருப்பதாகப் பலர் நினைக்கிறார்கள். கத்தரிக்காய் வேகும் நீரும், கீரை ஊறும் சாறும், டோஃபுவின் மேல் ஊற்றும் குழம்பும், சுருட்டிய முட்டைக் கலவையும் எல்லாம் தாஷியைக் கொண்டவை. மீன் துண்டு ஒன்றுகூடக் கண்ணில் படாத ஒரு மேசையில், மீன் சேராத பதார்த்தம் வெறும் சோறாக மட்டும் இருக்கக்கூடும்.

ஓர் இலையுதிர்காலத்தில் கோயம்புத்தூரிலிருந்து ஒரு குடும்பம் வந்திருந்தது. பதிவுப் படிவத்தில் மகன் ‘சைவ உணவு’ என்று மட்டும் ஆங்கிலத்தில் குறித்திருந்தார். வகுப்பை நடத்திய மூதாட்டி அதைப் படித்துவிட்டு, கோழியையும் மீனையும் முற்றிலும் நீக்கி, கியோட்டோவுக்கே உரிய யூபா என்னும் சோயாப்பால் ஆடையையும் கோதுமைப் பசையத்தில் செய்த ஃபூவையும் தேடி வாங்கி வைத்திருந்தார். இறைச்சி வேண்டாம் என்போருக்கு அவர் வழக்கமாகச் செய்வது அதுதான்; தாஷியும் ஆகாது என்பதை அவருக்கு யாரும் சொல்லவில்லை. பாதி வகுப்பு நடந்துகொண்டிருந்தபோது அந்தக் குடும்பத்து அம்மா என் பக்கம் திரும்பி, “தம்பி, அந்தப் பானையில் போடுகிறார்களே, அந்தச் சீவல் என்ன?” என்று கேட்டார். நான் உள்ளதைச் சொன்னேன். அவர் கையில் இருந்த அகப்பையைக் கீழே வைத்துவிட்டார்.

எனக்கு எரிச்சல் மூட்டியது அதற்குப் பின் மகன் பேசிய பேச்சு. “வடிகட்டிவிட்டார்களே அம்மா, இனி அது தண்ணீர்தானே, சும்மா சாப்பிடுங்கள்” என்றார். புளியைக் கரைத்து ஊற்றிக் கொதித்த குழம்பிலிருந்து புளியை எடுத்துவிடச் சொல்வதைப் போன்றது அது. பின்னர் என்னிடம், “அண்ணா, வேறு ஒன்று சட்டென்று செய்து தரச் சொல்லுங்களேன்” என்றார். சட்டென்று செய்ய இயலாது என்பதுதான் இங்கே விஷயம். சைவத் தாஷிக்கு வேண்டிய உலர்ந்த ஷீடேக் காளானைக் குளிர்ந்த நீரில் பல மணி நேரம், முடிந்தால் இரவு முழுவதும், ஊறவைக்க வேண்டும். அந்த வேளையில் அடுக்களையில் இருந்த கத்தரிக்காய், கீரை, முட்டை எல்லாமே மீன் சாற்றில் ஊறிவிட்டிருந்தன. மிச்சம் இருந்தது சோறும் ஊறுகாயும். அந்த ஊறுகாயின் மேலும் சீவல் தூவியிருந்தது. அம்மா சோற்றில் எள்ளும் உப்பும் கலந்து உண்டார். ஒரு பிழையும் செய்யாத அந்த மூதாட்டி தரையில் அமர்ந்து மீண்டும் மீண்டும் தலைகுனிந்து மன்னிப்புக் கேட்டார். வகுப்பு நாளன்று கட்டணம் திரும்ப வராது என்பது பெரும்பாலான வகுப்புகளில் வழக்கம். அதில் யாரையும் குறைசொல்ல முடியாது.

இத்தனைக்கும் சைவத் தாஷி தரத்தில் தாழ்ந்த மாற்று அன்று. கோயாசான் மலையின் பௌத்த மடங்களில் விருந்தினருக்குப் படைக்கும் ஷோஜின் உணவு, கொம்பு, காளான் ஆகியவற்றின் சாற்றைக் கொண்டே சமைக்கப்படுகிறது. வெங்காயமும் பூண்டும்கூட அதில் சேர்வதில்லை. 1908-இல் வேதியியலாளர் கிகுனாயே இக்கேதா கொம்பிலிருந்து பிரித்தெடுத்த குளுட்டமேட் என்னும் சுவைப்பொருளும், உலர்ந்த ஷீடேக்கில் உள்ள குவானிலேட் என்னும் சுவைப்பொருளும் ஒன்றுசேரும்போது, தனித்தனியே இருப்பதைவிடப் பன்மடங்கு சுவையைத் தருகின்றன. முன்னமே தெரிவித்தால், பெரும்பாலான ஆசிரியர்கள் இதை மகிழ்ச்சியோடு செய்து தருவார்கள்.

ஆகவே பதிவு செய்யும் அன்றே, “மீன், இறைச்சி இரண்டையும் உண்பதில்லை, கட்சுவோபுஷியோ மீன் தூளோ சேர்ந்த தாஷியும் ஆகாது, கொம்பும் ஷீடேக்கும் சேர்ந்த தாஷி போதும்” என்று முழு வாக்கியங்களாக எழுதுங்கள். முட்டை உண்பீர்களா இல்லையா என்பதையும், மீன் பொரித்த எண்ணெய் ஆகுமா ஆகாதா என்பதையும் அதிலேயே சேருங்கள். மிசோவிலும் தாஷி முன்பே கலந்து விற்பதுண்டு. பொன்சு சாஸிலும் குளிர்ந்த நூடுல்ஸுக்கான சாறிலும் பெரும்பாலும் மீன் இருக்கும். மது கலந்த எதையும் தொடாதவர்கள் மிரின் என்னும் இனிப்பு அரிசி மதுவையும் சாகே என்னும் அரிசி மதுவையும் பற்றித் தனியே எழுத வேண்டும், ஏனெனில் உண்மையான மிரினில் ஏறக்குறைய 14 விழுக்காடு சாராயம் உண்டு. அது சமையலில் ஊற்றப்படுவதைக் கண்டு வகுப்பின் நடுவில் அதிர்ந்தவர்களையும் பார்த்திருக்கிறேன். கோதுமை ஒவ்வாதவர்களுக்குச் சாதாரண சோயா சாஸும் ஆகாது. பதில் வரும்வரை பணம் கட்ட வேண்டாம். “முடியாது” என்று பதில் வந்தால் அதற்கு நன்றி சொல்லி வேறு வகுப்பைத் தேடுங்கள்.

வயிறு நிறையக் காலையுணவு உண்டுவிட்டு வருவது

சமைத்ததை அங்கேயே அமர்ந்து உண்பதும் வகுப்பின் பகுதி.

வாசனைத் திரவியம்

பூசாதீர்கள். தாஷியின் மணம் மிகவும் மெல்லியது.

அரை மணி நேரம் முன்னதாகப் போய் நிற்பது

தாமதம் தவறு என்பது தெரிந்ததே. மிக முன்னதாகப் போவதும் தவறு என்பதைப் பலர் உணர்வதில்லை. அது பள்ளிக்கூடம் அன்று, ஒருவருடைய வீடு. குறித்த நேரத்துக்கு முன்னுள்ள அரை மணியில் அவர் காய்களைக் கழுவிக்கொண்டோ கூடத்தைத் துடைத்துக்கொண்டோ இருப்பார். பக்கத்துத் தெருவைச் சுற்றிவிட்டுச் சரியான நேரத்துக்கு மணியடியுங்கள். ரயில் நிலையத்தில் சந்திப்பதாக இருந்தால் எந்த வாயில் என்பதை எழுத்தில் கேட்டு வாங்குங்கள்; டோக்கியோவின் ஷின்ஜுகு நிலையத்துக்கு மட்டும் 200-க்கும் மேற்பட்ட வாயில்கள் உள்ளன.

சுவையைத் திருத்த முற்படுவது

கைப்பையில் மிளகாய்த்தூள் பொட்டலம் கொண்டு வருபவர்கள் நாம் எண்ணுவதைவிட அதிகம். அதைப் பானையில் தூவ முற்படுவதைக் கண்டும் காணாததுபோல் இருந்துவிடும் அளவுக்கு அங்குள்ள ஆசிரியர்கள் மரியாதை மிக்கவர்கள். அதனால் தாம் செய்தது சரி என்று பயணி நம்பிவிடுகிறார். காரம் வேண்டுமென்றால் உண்ணும்போது ஷிச்சிமி என்னும் ஏழு பொருள் கலந்த காரப்பொடியைக் கேளுங்கள், தருவார்கள். சமைக்கும்போது அவர்கள் சேர்க்கும் வரிசையை மாற்றாதீர்கள்: சர்க்கரை, உப்பு, வினிகர், சோயா சாஸ், மிசோ என்பது அந்த வரிசை. சர்க்கரை காய்க்குள் மெதுவாகவே ஊறும் என்பதால் அது முந்தும்; கொதித்தால் மணம் போய்விடும் என்பதால் மிசோ கடைசியில், அடுப்பைத் தணித்த பின்னரே கரையும்.

கத்தியின் கூர்விளிம்பால் பலகையை வழிப்பது

நறுக்கிய வெங்காயத்தைக் கத்தியின் கூர்விளிம்பாலேயே வழித்துத் தள்ளுவது நம் கைப்பழக்கம். ஜப்பானியக் கத்தியின் விளிம்பு மெல்லியது, கடினமானது, எளிதில் பல் விழுவது. கத்தியைத் திருப்பி முதுகால் தள்ளுங்கள். இடக்கைப் பழக்கமுள்ளவர்கள் முன்னமே தெரிவிக்க வேண்டும், ஏனெனில் ஒருபக்கம் மட்டும் தீட்டிய கத்திகள் பெரும்பாலும் வலக்கைக்கு உரியவை. வகுப்பு முடிந்த வேகத்தில் நிஷிகி சந்தையிலோ டோக்கியோவின் கப்பாபாஷியிலோ கத்தி வாங்குபவர்கள், ஊர் சேரும்வரை பெட்டியைப் பிரிக்காமல், விமானத்தில் கைப்பையில் வைக்காமல் கொண்டு செல்ல வேண்டும்.

அளவையும் தண்ணீரையும் குறித்துக்கொள்ளாமல் திரும்புவது

ஆசிரியர் ‘ஒரு கோப்பை’ என்று சொன்னால் அது 200 மில்லிலிட்டர். அரிசிக்குரிய கோப்பை மட்டும் 180 மில்லிலிட்டர், ஏறத்தாழ 150 கிராம் அரிசி. இவ்விரண்டையும் ஒன்றாக எழுதிக்கொண்டு ஊர் திரும்பியவர்களின் சோறு குழைந்துபோன கதைகளைத் தொலைபேசியில் கேட்டிருக்கிறேன். அதைவிடப் பெரிய வேறுபாடு தண்ணீர். ஜப்பானின் குழாய் நீர் பெரும்பாலும் மென்மையானது. கியோட்டோவின் நீரும் அப்படியே. சுண்ணாம்புச் சத்து மிகுந்த கடின நீரில் கொம்பின் சுவை சரியாக இறங்காது. சென்னையின் ஆழ்குழாய்த் தண்ணீரில் கொம்பை இரவெல்லாம் ஊறவைத்துவிட்டு, “கொம்பு பழசாகிவிட்டது போலிருக்கிறது” என்று வருந்துபவர்கள், வடிகட்டி இயந்திரத்தில் வரும் குடிநீரில் ஒருமுறை ஊறவைத்துப் பார்க்கலாம்: ஒரு லிட்டருக்குப் பத்து கிராம் கொம்பு, குளிர்சாதனப் பெட்டியில் ஓர் இரவு.