விண்டோஸின் 'இன்ஸ்டாலர்' கோப்புறையை அழிக்காதீர்கள்

சி டிரைவ் நிறைந்துவிட்டதென்று வெள்ளவத்தையில் உறவினர் ஒருவர் மடிக்கணினியைத் துப்புரவு செய்தார். விண்டோஸுக்குள் மறைந்திருக்கும் 'இன்ஸ்டாலர்' கோப்புறையைத் தேடிப் பிடித்து, எழுத்தும் எண்ணுமாகப் பெயர் கொண்ட கோப்புகளையெல்லாம் அழித்தும்விட்டார். மகிழ்ச்சி ஒரு வாரம் நீடித்தது. பிறகு கணக்கு மென்பொருளைப் புதுப்பிக்கவும் முடியவில்லை, நீக்கவும் முடியவில்லை.

அவை எம்எஸ்ஐ பொதிகள்; மென்பொருளை நிறுவவும் புதுப்பிக்கவும் நீக்கவும் விண்டோஸுக்கு வேண்டிய கோப்புகள். எந்தக் கோப்பை எங்கே வைக்க வேண்டும், விண்டோஸ் தன் அமைப்புகளைச் சேமிக்கும் ரெஜிஸ்ட்ரியில் எதைப் பதிய வேண்டும் என்பதெல்லாம் அவற்றுக்குள் அட்டவணைகளாக இருக்கின்றன. அவற்றைப் படிப்பது விண்டோஸின் சிஸ்டம்32 கோப்புறையில் உள்ள எம்எஸ்ஐ.டிஎல்எல்; பல மென்பொருள்கள் பொதுவாகப் பயன்படுத்தும் கோப்பு இது. அழித்த பொதிகளை அயல்வீட்டுக் கணினியிலிருந்து நகலெடுத்துப் போட்டும் பயனில்லை. கணினிக்குக் கணினி இப்பொதிகள் வேறுபடும்.

எந்தப் பொதி எந்த மென்பொருளுக்குரியது என்று அறிய எளிய வழி உண்டு. அந்தக் கோப்புறையில் 'டீடெயில்ஸ்' தோற்றத்துக்கு மாறி, நெடுவரிசைத் தலைப்பில் வலது கிளிக் செய்து 'சப்ஜெக்ட்' என்பதைச் சேருங்கள். பெயர் தெரிந்துவிடும். (பார்க்க மட்டுந்தான்!)

எம்எஸ்ஐ.டிஎல்எல் கோப்பே பழுதானால், கண்ட தளங்களில் தனியாகத் தரவிறக்க வேண்டாம். பழுதான விண்டோஸ் கோப்புகளைச் சரிசெய்ய விண்டோஸுடன் வரும் 'சிஸ்டம் ஃபைல் செக்கர்' கருவியை நிர்வாகி அனுமதியுடன் ஓடவிடுங்கள். இடம்தான் தேவையென்றால், செட்டிங்ஸில் 'ஸ்டோரேஜ்' பகுதிக்குள் தற்காலிகக் கோப்புகளை நீக்கலாம்.