ப்ரமோஷன் கேஸ்ல நம்மாளுங்க திரும்பத் திரும்ப பண்ற தப்புகள்

ஊழியர் சங்கத்துல இருந்த காலத்துல ப்ரமோஷன் கேஸ் ஃபைல் நிறைய படிச்சிருக்கேன், அநியாயம் நடந்தது உண்மையாத்தான் இருக்கும், ஆனாலும் கேஸ் தள்ளுபடி ஆகியிருக்கும், ஏன்னு பார்த்தா பெரும்பாலும் ஒரே காரணம், லேட்.

சீனியாரிட்டி லிஸ்ட் சுத்துக்கு வரும், பார்த்தேன்னு கையெழுத்து போட்டு அடுத்த சீட்டுக்கு தள்ளிடுவோம், நம்ம பேரு ஜூனியர் பேருக்கு கீழ போயிருக்கறதையே கவனிக்க மாட்டோம். ஆட்சேபணை சொல்ல அதுல ஒரு தேதி போட்டிருப்பாங்க, அதுக்குள்ள எழுத்துல குடுத்து நகல்ல சீல் வாங்கி வைக்கணும், வாய்ல சொன்னதுக்கு எந்த கோர்ட்லயும் மதிப்பில்ல. ஜூனியருக்கு ஆர்டர் வந்த பிறகும் "ஹெட் ஆபீஸ்ல பார்க்கறேன்னு சொல்லியிருக்காங்க சார்"னு வருஷக்கணக்கா காத்திருக்கறவங்க இருக்காங்க, பார்க்கவே வயிறு எரியும். ஜூனியரை மேல தூக்கிட்டாங்கன்னு குறை இருந்தா 6 மாசம், மிஞ்சிப்போனா 1 வருஷத்துக்குள்ள கோர்ட்டுக்கு வரணும்னு 1974லயே தமிழ்நாட்டு வழக்கு ஒண்ணுல சுப்ரீம் கோர்ட் சொல்லிருச்சு, அந்த கேஸ்ல வந்தவர் 14 வருஷம் கழிச்சு வந்திருந்தார். சென்ட்ரல் கவர்மென்ட் ஸ்டாஃபுக்கு சி.ஏ.டி.ங்கற மத்திய நிர்வாக ட்ரிப்யூனல், 1985 சட்டப்படி ஆர்டர் வந்து 1 வருஷம்தான் டைம், மனுவுக்கு பதிலே வரலைன்னா 6 மாசம் பார்த்துட்டு அதுலேர்ந்து 1 வருஷம். தமிழ்நாடு அரசு ஊழியருக்கு தனி ட்ரிப்யூனல் இப்ப கிடையாது, ஹைகோர்ட்ல ரிட் மனு போடணும், ரிட்டுக்கு இத்தனை நாள்னு சட்டத்துல எழுதலையேன்னு உக்காந்துடாதீங்க, ஏன் இவ்வளவு நாள் வரலைன்னுதான் முதல்ல கேப்பாங்க.

மனு மேல மனு போட்டா கெடு நீண்டுக்கிட்டே போகும்னு ஒரு நம்பிக்கை இருக்கு பாருங்க, அது சுத்த தப்பு. பழைய விஷயத்துக்கு ஆபீஸ் இன்னைக்கு பதில் குடுத்தாலும் செத்துப்போன கெடு உயிரோட வராதுன்னு 2008 தீர்ப்பு இருக்கு.

அடுத்தது, "எனக்கு ப்ரமோஷன் குடுக்கணும், அது என் உரிமை"ன்னு கேக்கறது. அரசியல் சட்டம் 16வது பிரிவுல இருக்கற உரிமை நம்மளை பரிசீலனை பண்ணணும்ங்கறதுதான், பதவியே உரிமை இல்ல. அதனால ரூல்ஸ் என்ன சொல்லுது, அதை எங்க மீறினாங்கன்னு காட்டணும். சீனியாரிட்டி-கம்-மெரிட்னா குறைஞ்சபட்ச தகுதி இருந்தா போதும், அதுக்கப்புறம் சீனியர்தான் முதல்ல, மெரிட்-கம்-சீனியாரிட்டின்னா மெரிட்தான் முன்னாடி நிக்கும், ரெண்டும் ஒண்ணுன்னு நினைச்சு கேஸ் போடறவங்க அதிகம். எந்த அளவுகோல்னு முடிவு பண்றது அரசோட வேலைன்னு 2024 மே மாசம் கூட சுப்ரீம் கோர்ட் சொல்லியிருக்கு.

இன்னொண்ணு, "பழைய ரூல் இருந்தப்பவே காலியான இடம், அதனால பழைய ரூல்படிதான் போடணும்"ங்கற வாதம். 1983 தீர்ப்பை வச்சு ரொம்ப நாள் ஓடுச்சு, 2022ல அந்த தீர்ப்பையே சுப்ரீம் கோர்ட் தள்ளிடுச்சு, பரிசீலனை பண்ற அன்னைக்கு எந்த ரூல் அமல்ல இருக்கோ அதுதான் பேசும். டீச்சர்ஸும் இதை கவனிங்க, 2025 செப்டம்பர் 1 தீர்ப்புப்படி 5 வருஷத்துக்கு கம்மியா சர்வீஸ் பாக்கி இருக்கறவங்க டெட் (ஆசிரியர் தகுதித் தேர்வு) இல்லாம ரிடையர் ஆகற வரைக்கும் வேலை பார்க்கலாம், ப்ரமோஷன் வேணும்னா பாஸ் பண்ணியே ஆகணும்.

மேலதிகாரி நம்மளைப் பத்தி வருஷா வருஷம் எழுதற ரகசிய குறிப்பேட்டுல மார்க் குறைஞ்சிருச்சுன்னு பேனல் (ப்ரமோஷனுக்கு தேர்வான பேர் லிஸ்ட்) வந்தப்புறம் அழறதுல பிரயோஜனம் இல்ல. எல்லா என்ட்ரியையும், "குட்"னு போட்டிருந்தாலும், ஊழியருக்கு தெரியப்படுத்தணும்னு 2008ல தீர்ப்பாச்சு, சென்ட்ரல்ல ஆட்சேபணைக்கு 15 நாள்தான், வாங்கின அன்னைக்கே உக்காந்து எழுதுங்க.

சார்ஜ் மெமோ (குற்றச்சாட்டு குறிப்பாணை) இன்னும் குடுக்கலை, வெறும் பூர்வாங்க விசாரணைதான் நடக்குதுன்னா அதை சொல்லி நம்ம ப்ரமோஷன் முடிவை வெளியிடாம சீல் கவர்ல வைக்க முடியாது, 1991 ஜானகிராமன் வழக்கு. இது தெரியாமலேயே சும்மா இருந்துடறாங்க.

டெஸ்ட் எழுதி, இன்டர்வியூவும் போயிட்டு, செலக்ட் ஆகலைன்னதும் முறையே தப்புன்னு போனா கோர்ட் காது குடுக்காது, ஆட்சேபணை இருந்தா கலந்துக்கறதுக்கு முன்னாடியே சொல்லணும்.

கூட வேலை பார்க்கறவங்களாச்சேன்னு மேல போன ஜூனியரை பார்ட்டியா சேர்க்காம விடறாங்க, அவரை கேக்காம அவரோட பதவியை கோர்ட் தொடாது, அந்த ஒரு காரணத்துக்கே கேஸ் போயிடும். கடைசியா ப்ரேயர்ல, அதாவது மனுவுல கோர்ட்கிட்ட என்ன வேணும்னு கேக்கற பகுதியில, பழைய தேதிலேர்ந்து ப்ரமோஷன் மட்டும் கேட்டுட்டு விட்டுடாதீங்க, சம்பள நிலுவை, சீனியாரிட்டி, பென்ஷன் நிர்ணயம் மூணையும் தனித்தனியா எழுதச் சொல்லி வக்கீல்கிட்ட கேளுங்க, இல்லைன்னா ஜெயிச்ச பிறகும் நோஷனல்னு (பேருக்கு மட்டும்னு) போட்டு அரியர்ஸ் ஒரு பைசா இல்லாம ஆர்டர் வரும்.