ஒளிமானி என்றால் எந்த ஒளிமானி? பெயரைப் புரிந்துகொள்வதும் கருவியைச் சரியாகப் பயன்படுத்துவதும்

ஒளிமானி என்று தமிழில் சொல்கிற போட்டோமீட்டர், ரேடியோமீட்டர், லக்ஸ் மீட்டர், ஸ்பெக்ட்ரோபோட்டோமீட்டர் எல்லாமே ஒளியை அளக்கிற கருவிகள்தான். ஆனால் ஒன்று இருக்க வேண்டிய இடத்தில் இன்னொன்றை வைத்து அளந்தால் கிடைக்கிற எண் எதற்கும் உதவாது. விளக்கு அமைப்பவர், வேதியியல் ஆய்வகத்தில் வேலை செய்பவர், நட்சத்திரங்களை அளப்பவர் என மூன்று பேரும் போட்டோமீட்டர் என்றே சொல்வார்கள், ஆனால் மூவர் கையிலும் இருப்பது மூன்று வேறு கருவிகள். அதனால் இந்தச் சொல்லை எங்காவது பார்த்தால் அது எதைக் குறிக்கிறது என்று எப்படிக் கண்டுபிடிப்பது, நாமே எழுதும்போது எந்தப் பெயரைப் போடுவது, கருவி கையில் வந்த பிறகு என்ன கவனிப்பது என்று பார்த்துவிடலாம்.

முதல் கேள்வி: மனிதக் கண் கணக்கில் இருக்கிறதா?

இதைக் கேட்டாலே பாதிக் குழப்பம் தீர்ந்துவிடும். ஒளியை இரண்டு விதமாக அளக்கலாம். வந்து விழுகிற ஆற்றல் எவ்வளவோ அதை அப்படியே வாட் கணக்கில் அளப்பது ரேடியோமெட்ரி; அதில் புற ஊதா, அகச்சிவப்பு எல்லாவற்றுக்கும் இடம் உண்டு. அதே ஆற்றல் மனிதக் கண்ணுக்கு எவ்வளவு வெளிச்சமாகத் தெரியும் என்று அளப்பது போட்டோமெட்ரி. பகல் வெளிச்சத்தில் நம் கண் 555 நானோமீட்டர் அலைநீளம் கொண்ட பச்சைக்குத்தான் மிகக் கூர்மையாக இருக்கிறது, அங்கிருந்து சிவப்புப் பக்கமோ நீலப் பக்கமோ போகப் போக உணர்திறன் வேகமாகக் குறைகிறது. இந்த வளைவை 1924-லேயே சர்வதேச ஒளியியல் ஆணையம் தரப்படுத்திவிட்டது, இன்றும் நல்ல லக்ஸ் மீட்டரின் சென்சாருக்கு முன்னால் இருக்கிற வடிகட்டி இந்த வளைவைத்தான் பின்பற்றுகிறது.

ஒரு உதாரணம் பாருங்கள். 532 நானோமீட்டர் பச்சை லேசர் ஒன்று, 650 நானோமீட்டர் சிவப்பு லேசர் ஒன்று, இரண்டுக்கும் திறன் ஒரே அளவு மில்லிவாட். ரேடியோமீட்டர் இரண்டுக்கும் ஒரே எண்ணைத்தான் காட்டும். கண்ணின் வளைவைப் பின்பற்றும் போட்டோமீட்டரோ பச்சைக்குச் சிவப்பைப் போல ஏறத்தாழ 8 மடங்கு காட்டும். இரண்டுமே சரியான விடைதான், கேள்விதான் வேறு. லேசரால் கண்ணுக்கு ஆபத்து உண்டா என்று பார்க்கிறவருக்கு வாட் வேண்டும். சுவரில் விழும் புள்ளி தூரத்திலிருந்து தெரியுமா என்று பார்க்கிறவருக்கு லூமன் வேண்டும்.

எனவே பெயரைப் பார்ப்பதற்கு முன் அலகைப் பாருங்கள், அது பொய் சொல்லாது. லூமன், லக்ஸ், கேண்டெலா என்று இருந்தால் மனிதக் கண் உள்ளே இருக்கிறது. (இந்த மூன்றும் ஒரே பொருள் இல்லை: விளக்கிலிருந்து எல்லாப் பக்கமும் வெளியேறும் மொத்த ஒளி லூமன், ஒரு குறிப்பிட்ட திசையில் அது எவ்வளவு செறிவாகப் போகிறது என்பது கேண்டெலா, ஒரு சதுர மீட்டர் பரப்பில் எத்தனை லூமன் விழுகிறது என்பது லக்ஸ்.) வாட், ஜூல் என்று இருந்தால் ஆற்றல் கணக்கு. ஒரு சதுர மீட்டருக்கு ஒரு வினாடிக்கு இத்தனை மைக்ரோமோல் என்று எழுதியிருந்தால் அது தாவரங்களுக்கான அளவு, 400 முதல் 700 நானோமீட்டர் வரையுள்ள போட்டான்களை, அதாவது ஒளித்துகள்களை, எண்ணுகிறது. செடி வளர்க்கிற விளக்கை லக்ஸில் ஒப்பிட்டு வாங்குகிறவர்கள் இந்த இடத்தில்தான் தவறு செய்கிறார்கள், ஏனென்றால் செடிக்கு மனிதக் கண் கிடையாது. அலகே இல்லாமல் 0.35, 0.82 என்று வெறும் எண் இருந்தால் பெரும்பாலும் அது வேதியியல் ஆய்வகத்து எண்.

ஒரே பெயர் ஏன் இத்தனை கருவிகளுக்கு?

தொடக்கத்தில் கண்தான் கருவி. பிரான்சில் பியர் பூகேர் 1729-ல் வெளியிட்ட ஆய்வில் ஒரு விஷயத்தைத் தெளிவாகப் பிடித்திருந்தார்: ஒரு வெளிச்சம் இன்னொன்றைப் போல எத்தனை மடங்கு என்று கண்ணால் சொல்ல முடியாது, ஆனால் பக்கத்துப் பக்கத்தில் இருக்கிற இரண்டு பரப்புகள் ஒரே வெளிச்சமாக இருக்கின்றனவா என்று மட்டும் நன்றாகச் சொல்ல முடியும். அதனால் ஒரு விளக்கை நகர்த்தி நகர்த்தி இரண்டு பக்கமும் சமமாகத் தெரிகிற தூரத்தைக் கண்டுபிடித்து, தூரம் இரண்டு மடங்கானால் வெளிச்சம் நான்கில் ஒரு பங்கு என்ற விதியைப் போட்டுக் கணக்கிட்டார்கள். காகிதத்தில் எண்ணெய்ப் பொட்டு வைத்து, அது மறைகிற இடத்தைத் தேடுகிற பன்சனின் ஒளிமானியும் இதே தத்துவம்தான். பின்னாளில் கண் இருந்த இடத்துக்கு ஒளி மின்கலம் வந்தது, பெயர் மட்டும் மாறவில்லை. பூகேர், லாம்பர்ட், 1852-ல் பீர் ஆகியோர் ஒளி ஒரு பொருளின் ஊடே போகும்போது எவ்வளவு குறைகிறது என்று காட்டிய விதியைக் கரைசல்களின் செறிவை அளக்கப் பயன்படுத்த ஆரம்பித்ததும், போட்டோமீட்டர் என்ற பெயர் வேதியியலுக்கும் போய்விட்டது. அங்கே மனிதக் கண்ணுக்கு வேலையே இல்லை, உள்ளே போன ஒளியில் எவ்வளவு வெளியே வந்தது என்பதுதான் கேள்வி.

வானியலில் கதை வேறு. அங்கே போட்டோமீட்டர் தருவது ஒளிப்பொலிவெண், அதாவது நட்சத்திரம் எவ்வளவு பிரகாசமாகத் தெரிகிறது என்று சொல்கிற எண். 1856-ல் பாக்சன் சொன்னபடி 5 எண் வித்தியாசம் என்றால் வெளிச்சத்தில் 100 மடங்கு வித்தியாசம், எண் குறையக் குறைய நட்சத்திரம் பிரகாசம். எந்த வடிகட்டி வழியாகப் பார்த்தது என்று சொல்லாத ஒளிப்பொலிவெண்ணை வைத்து ஒப்பிட முடியாது, அதற்காகத்தான் ஜான்சனும் மார்கனும் 1953-ல் புற ஊதா, நீலம், கட்புலன் என்ற மூன்று வடிகட்டி முறையைக் கொண்டுவந்தார்கள்.

பெயரின் வாலைப் பாருங்கள்

நிறமாலைக் கருவிகளில் பெயரின் கடைசிப் பகுதியே வேலையைச் சொல்லிவிடும். ஸ்பெக்ட்ரோஸ்கோப், அதாவது நிறமாலைகாட்டி, கண்ணால் பார்க்க. ஸ்பெக்ட்ரோகிராஃப் நிறமாலையைப் படமாகப் பதிவு செய்ய. ஸ்பெக்ட்ரோமீட்டர், நிறமாலைமானி, எந்தக் கோடு எந்த அலைநீளத்தில் என்று அளக்க. ஸ்பெக்ட்ரோபோட்டோமீட்டர், நிறமாலை ஒளிமானி, ஒவ்வொரு அலைநீளத்திலும் ஒளி எவ்வளவு என்று அளக்க. இன்றைய கருவிகள் பல வேலைகளைச் சேர்த்தே செய்வதால் பேச்சில் எல்லாவற்றையும் ஸ்பெக்ட்ரோமீட்டர் என்று சொல்லிவிடுகிறோம், பேச்சுக்கு அது சரி. எழுதும்போது பிரித்து எழுதுங்கள்.

இரண்டு எச்சரிக்கைகள். மாஸ் ஸ்பெக்ட்ரோமீட்டர் என்ற பெயரைப் பார்த்து அதை ஒளிக் கருவிகளோடு சேர்க்காதீர்கள், அது அயனிகளை அவற்றின் நிறைக்கும் மின்னூட்டத்துக்கும் உள்ள விகிதப்படி பிரிக்கிறது, ஒளியை அளப்பதில்லை. அடுத்தது, கலரிமீட்டரும் கலோரிமீட்டரும். தமிழில் எழுதும்போது ஒரு எழுத்துதான் வித்தியாசம், ஆனால் ஒன்று நிறத்தை அளப்பது, மற்றது வெப்பத்தை அளப்பது. இந்த இடத்தில் நிறமானி, வெப்பமானம் அளக்கும் கருவி என்று தமிழில் எழுதிவிடுவதே நல்லது என்பது என் கருத்து. அந்த நிறமானியிலும் இரண்டு வகை உண்டு: கரைசலின் செறிவைக் கண்டுபிடிக்கிற ஆய்வகக் கருவி ஒன்று, பெயிண்ட், துணி, திரை ஆகியவற்றின் நிறத்தை எண்ணாகச் சொல்கிற கருவி இன்னொன்று.

கரைசலை அளக்கும்போது

இங்கேதான் நிறைய கவனம் வேண்டும். நிறமாலை ஒளிமானியைப் போட்டவுடன் அளக்க ஆரம்பிக்காதீர்கள், விளக்கு சூடாகி நிலைப்படுவதற்கு நேரம் கொடுங்கள். கண்ணுக்குத் தெரிகிற பகுதிக்கு டங்ஸ்டன் விளக்கும் புற ஊதாவுக்கு டியூட்டீரியம் விளக்கும் பொதுவாக இருக்கும், எவ்வளவு நேரம் என்று கையேட்டிலேயே போட்டிருப்பார்கள்.

அப்புறம் அலைநீளத்தைத் தேர்ந்தெடுக்க வேண்டும். கரைசல் எந்த நிறத்தில் தெரிகிறதோ அந்த நிறத்தில் அளக்கக் கூடாது, அது விழுங்குகிற நிறத்தில் அளக்க வேண்டும். பொட்டாசியம் பெர்மாங்கனேட் ஊதாவாகத் தெரிவதற்குக் காரணமே அது பச்சையை விழுங்குவதுதான், அதனால் அதை 525 நானோமீட்டர் அருகே பச்சை ஒளியில் அளக்கிறோம். புதிய பொருள் என்றால் முழு அலைநீளத்தையும் ஒருமுறை ஓட்டிப் பார்த்து உச்சி எங்கே வருகிறது என்று கண்டுபிடியுங்கள். சரிவில் அளக்காமல் உச்சியில் அளக்க வேண்டும், ஏனென்றால் உச்சியில் கருவியின் அலைநீளம் கொஞ்சம் பிசகினாலும் எண் அவ்வளவாக மாறாது.

குவெட், அதாவது கரைசலை ஊற்றிக் கருவிக்குள் வைக்கிற சிறிய தெளிவான குப்பி, எதனால் ஆனது என்பதும் முக்கியம். சாதாரணக் கண்ணாடி சுமார் 340 நானோமீட்டருக்குக் கீழே ஒளியைத் தானே விழுங்க ஆரம்பித்துவிடும், எனவே டிஎன்ஏவை 260-லும் புரதத்தை 280-லும் அளக்கிறவர்களுக்குக் குவார்ட்ஸ் குவெட்தான் வேண்டும், அல்லது புற ஊதாவுக்கென்றே செய்த பிளாஸ்டிக். சொரசொரப்பான பக்கங்களைப் பிடித்துத் தூக்குங்கள், ஒளி போகிற தெளிவான பக்கத்தைத் தொடாதீர்கள், வெளியே ஈரம் இருந்தால் துடையுங்கள், உள்ளே குமிழி இருந்தால் தட்டி எடுங்கள். ஒவ்வொரு முறையும் ஒரே பக்கம் ஒளியைப் பார்த்திருக்கும்படி வையுங்கள்.

கருவியைப் பூஜ்யத்துக்குக் கொண்டுவர முதலில் வைத்து அளக்கிற பிளாங்க் என்பது வெறும் தண்ணீர் என்று பலர் நினைக்கிறார்கள். அளக்க வேண்டிய பொருளைத் தவிர மற்ற எல்லாமே, அதே கரைப்பான், அதே பஃபர் (அமிலத்தன்மை மாறாமல் வைத்திருக்கிற கரைசல்), அதே வினைப்பொருள், அதே குவெட் வகை, அதுதான் பிளாங்க். பொருள் தண்ணீரில் மட்டும் கரைந்திருந்தால்தான் தண்ணீர் பிளாங்க்.

இப்போது எண்ணுக்கு வருவோம். கருவி காட்டுகிற அப்சார்பன்ஸ், அதாவது உறிஞ்சல் அளவு, மடக்கைக் கணக்கு: 1 என்றால் 10 சதவீத ஒளி வெளியே வந்தது, 2 என்றால் 1 சதவீதம், 3 என்றால் 0.1 சதவீதம். இதனால்தான் பெரிய எண்களை நம்ப முடியாது. கருவிக்குள் 0.1 சதவீதம் தறிகெட்ட ஒளி சுற்றிக்கொண்டிருந்தாலே போதும், உண்மையில் 3 வர வேண்டிய இடத்தில் 2.7 தான் வரும். கருவி எந்த எச்சரிக்கையும் தராது, கூசாமல் 2.7 என்று காட்டும். எனவே 0.1-க்கும் 1-க்கும் நடுவில் எண் விழும்படி கரைசலை நீர்த்து அளந்து, நீர்த்த மடங்கால் பெருக்குவதே பாதுகாப்பு. செறிவு தெரிந்த சில கரைசல்களை அளந்து வரைபடம் போடுங்கள், நேர்கோடு எங்கே வளைகிறதோ அதற்கு மேல் போகாதீர்கள்.

பாக்டீரியா வளர்ச்சியை 600 நானோமீட்டரில் அளக்கும்போது வருகிற எண்ணை அப்சார்பன்ஸ் என்று எழுதாதீர்கள். செல்கள் அங்கே ஒளியை விழுங்குவதைவிடச் சிதறடிப்பதுதான் அதிகம், சிதறிய ஒளியில் எவ்வளவு சென்சாருக்குப் போய்ச் சேருகிறது என்பது கருவிக்குக் கருவி மாறும். ஒளி அடர்த்தி என்று எழுதி, கருவியின் மாடலையும் சேர்த்துச் சொல்லுங்கள். இரண்டு ஆய்வகங்களின் எண்கள் ஒத்துவராமல் போனால் முதலில் சந்தேகப்பட வேண்டியது இதைத்தான்.

சுடர் ஒளிமானி, நிறமாலை ஒளிமானியில் கரைசலை அளப்பதற்கு நேர் எதிர்: அது விழுங்கிய ஒளியை அளக்காமல், சுடரில் சூடான அணுக்கள் உமிழ்கிற ஒளியை அளக்கிறது, சோடியத்துக்கு 589, பொட்டாசியத்துக்கு 766 நானோமீட்டர்.

வெளிச்சத்தை லக்ஸில் அளக்கும்போது

சென்சாரை மூடி வைத்து எண் பூஜ்யம் வருகிறதா என்று பாருங்கள். பிறகு வெளிச்சம் எங்கே தேவையோ அங்கே, மேசை என்றால் மேசை மட்டத்தில், சென்சாரைப் படுக்கையாக வைத்துவிட்டுத் தள்ளி நில்லுங்கள், உங்கள் நிழலும் சட்டையிலிருந்து எதிரொளிக்கிற வெளிச்சமும்கூட எண்ணை மாற்றும். கையில் பிடித்து விளக்கைப் பார்த்துச் சாய்த்து அளப்பது வேறு ஒரு அளவு. சாய்ந்து வருகிற ஒளிக்கு நல்ல சென்சார் கோசைன் விதிப்படி நடந்துகொள்ளும், 60 பாகை சாய்ந்து வந்தால் நேராக வருவதில் பாதி; சென்சாருக்கு மேல் இருக்கிற வெள்ளைக் குமிழ் அதற்காகத்தான், அதில் அழுக்குப் படிய விடாதீர்கள். ஒரே இடத்தில் அளந்து அறை முழுவதுக்கும் அதையே சொல்லாமல், சம இடைவெளியில் பல புள்ளிகளில் எடுத்துச் சராசரி போடுங்கள்.

வடிகட்டி சரியில்லாத மீட்டர்கள் எல்இடி விளக்குகளில் அதிகம் தடுமாறும், காரணம் அவற்றின் நிறமாலையில் நீலத்தில் ஒரு கூர்மையான உச்சி இருக்கிறது. கைப்பேசி செயலிகளை இதே விளக்கு நேற்றைவிட மங்கலா என்று ஒப்பிட மட்டும் வைத்துக்கொள்ளுங்கள், அறிக்கையில் எழுத அல்ல.

எழுதும்போது

"ஒளிமானியில் 0.45 வந்தது" என்று எழுதினால் படிப்பவரால் அதை வைத்து ஒன்றும் செய்ய முடியாது. "நிறமாலை ஒளிமானியில், 525 நானோமீட்டரில், 1 சென்டிமீட்டர் குவெட்டில், காய்ச்சி வடித்த நீரைப் பிளாங்காக வைத்து அளந்த அப்சார்பன்ஸ் 0.45" என்று எழுதினால் வேறொருவர் அதைத் திரும்பச் செய்து பார்க்கலாம். வெளிச்சம் என்றால் லக்ஸ், தரையிலிருந்து உயரம், சென்சார் எந்தப் பக்கம் பார்த்தது, பகல் வெளிச்சம் உள்ளே வந்ததா. தமிழ்ப் பெயரை முதலில் எழுதி, வழக்கத்தில் இருக்கிற பெயரையும் ஒருமுறை சேர்த்துவிட்டு, பிறகு கடைசிவரை ஒரே பெயரையே பயன்படுத்துங்கள், பாதி வழியில் ஒளிமானி ஸ்பெக்ட்ரோமீட்டராக மாறிவிடக் கூடாது.

கருவியின் அலைநீள அளவுகோலே பிசகியிருந்தால் மேலே சொன்ன எதுவும் உதவாது, அதையும் சோதித்துத் தேதியோடு குறித்து வையுங்கள். டியூட்டீரியம் விளக்கின் 656.1 நானோமீட்டர் கோடு அதே இடத்தில் வருகிறதா என்று பார்க்கலாம், அல்லது கூர்மையான பல உச்சிகள் கொண்ட ஹோல்மியம் ஆக்சைடு வடிகட்டியை வைத்து, அதோடு வந்த சான்றிதழில் உள்ள எண்களோடு ஒவ்வொன்றாக ஒப்பிடலாம்.